இருபத்தொன்று புள்ளி ஆறு

ராத்திரி பதினொன்றே கால்.
சுப்பீரியர் ஏரியைத் தாண்டி வந்த பனி
ஜன்னலைச் சுரண்டிக்கொண்டிருக்கிறது.
சமையலறை மேசையில் இரண்டு திரைகள்.
ஒன்றில் ஒரு மனிதர், இன்னொன்றில் எண்கள்.
அந்தத் திரையிலிருந்து இந்தத் திரைக்கு
அவரை இடம் மாற்றுவது என் வேலை.

ஆண். எழுபத்தொரு வயது.
காலை ஆறு நாற்பதுக்குக் காபிக் கோப்பை கைநழுவியது,
வலக்கையும் கோப்பையோடு போனது.
பேச்சு போனது.
மூளைக் குழாயில் கட்டி; ஐ63, அதுதான் முதல் வரி.

கட்டியைக் கரைக்கும் மருந்து முதலில் எடையைக் கேட்கும்.
கிலோவுக்குப் புள்ளி ஒன்பது மில்லிகிராம்.
எடை காட்டும் கட்டில் அன்று வேலை செய்யவில்லை
(நர்ஸ் எழுதியிருக்கிறாள், எழுத்துப் பிழையோடு).
மனைவியைக் கேட்டார்கள்.
யோசிக்காமல் சொன்னாள்:
நூற்றைம்பத்தைந்து பவுண்டு.

ஆக, எழுபது கிலோ. அறுபத்து மூன்று மில்லிகிராம்.
பத்தில் ஒரு பங்கு ஒரே நிமிடத்தில்,
மீதி ஒரு மணி நேரம், ஊசி வழியே,
மெல்ல.

மறுநாள் மேல்மாடியில் வேறொரு கட்டில்
தொண்ணூற்று நாலு என்றது.

பெருக்கிக் கழிக்க எனக்குத் தெரியும்.
இருபத்தொன்று புள்ளி ஆறு.
ஆனால் கணக்கு என் வேலை இல்லை.
மருத்துவர் எழுதாத எதையும்
நான் அறிந்தவள் அல்ல.
'குறைவு' என்ற சொல் அவர் கையிலிருந்து வரவேண்டும்,
நான் அதை அவர் வாயில் வைக்கக் கூடாது.
கேள்வி அனுப்பினேன்:
கொடுத்த அளவுக்கும் நோயாளியின் எடைக்கும் உள்ள உறவைத்
தயவுசெய்து தெளிவுபடுத்தவும்.
'உறவு' என்பதை அழித்தேன்.
வேறு சொல் கிடைக்கவில்லை, திரும்ப வைத்தேன்.

நாலு நாள் கழித்துப் பதில்:
ஆம். எடை தவறு. தேவையைவிடக் குறைவாகப் போனது.
பெரிய மனசு. பலர் பதிலே போடுவதில்லை.

டி45.616, கடைசியில் ஒரு ஏ.
கரைக்கும் மருந்து, குறைந்த அளவு, முதல் சிகிச்சை.
குறைவு ஒருபோதும் முதல் வரியில் உட்காராது;
நோய் முன்னே போகும், இது பின்னால் வரும்,
அதன் பின்னால் ஒய்63.6,
கொடுத்த இடத்தில் நேர்ந்த பிழை என்று.
காசில்லாமல் மாத்திரையைப் பாதியாக உடைப்பவருக்கு
ஓர் எண் இருக்கிறது.
மறதிக்காரருக்கு இன்னொன்று.
பழைய எடையைச் சொன்ன மனைவிக்கு
அட்டவணை முழுக்கத் தேடினேன்.
இல்லை.

அந்த இருபத்தொன்று புள்ளி ஆறும் உள்ளே போயிருந்தால்
பேச்சு திரும்பியிருக்குமா?
தெரியாது. ரத்தம் கசிந்தும் இருக்கலாம்.
பேச்சுப் பயிற்சிக் குறிப்பின் கடைசி வரி:
எது கேட்டாலும் 'செவ்வாய்' என்கிறார்.
தண்ணீருக்கும் செவ்வாய். வலிக்கும் செவ்வாய்.
கோப்பை மூடினேன். அடுத்தவர்: பித்தப்பை.

சனிக்கிழமை ஹான்காக் கடைத்தெருவில்
பனி தள்ளும் மண்வெட்டி வாங்கப் போனேன்.
துணிப் பக்கம் ஒரு பெண்,
ஃபிளானல் சட்டையொன்றைக் கணவரின் மார்பில் வைத்துப் பார்க்கிறாள்.
நடு அளவு. தோளிலேயே நின்றுவிட்டது.
"வேய்ன், இது உனக்குச் சரியாத்தான் இருக்கும்."
அவர் இடக்கையால் அதை மெதுவாகத் தள்ளி,
வயிற்றைத் தட்டிக் காட்டி,
"செவ்வாய்" என்றார்.

எனக்கு அவரைத் தெரியாது.
தெரியாது என்று வருஷா வருஷம் கையெழுத்துப் போடுகிறேன்.
அவருடைய ஏழாவது எழுத்து எனக்குத் தெரியும்,
என்றாவது அது எஸ் ஆகும் என்பதும்,
பின்விளைவு, போனது போனதுதான் என்று சொல்லும் எழுத்து.

அவள் சிரித்தாள் என்றுதான் நினைக்கிறேன்.
"சரி, செவ்வாய்தான்" என்று
பெரிய அளவைத் தேடிப் போனாள்.
ஹேங்கர்கள் ஒன்றோடொன்று இடித்துக்கொண்டன.
அவர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார்,
வரிசையில் நிற்கும் யாரையும் பார்த்து அசைப்பதுபோல.

"ஜோலீன், பை வேணுமா?" என்றாள் கல்லாப்பெட்டிப் பெண்.
மண்வெட்டிக்கு எதற்குப் பை.
வேண்டும் என்றேன்.